தாமல் ஏரியில் போட்ட எல்லை

தாமல் ஏரிக்குள் அந்தக் கோடையில் மூன்று வாரம் ஒரு நாட்டு எல்லை இருந்தது. தண்ணீர் வற்றி அடிமண் வெடித்துக் கிடந்த இடத்தில் சினிமாக்காரர்கள் முள்கம்பி வேலி போட்டார்கள். தெர்மாகோலில் செய்து சிமெண்ட் நிறம் அடித்த இரண்டு காவல் கோபுரங்கள். வேலிக்கு இந்தப் பக்கம் கொடிக்கம்பமும் மணல் மூட்டைகளும். அந்தப் பக்கம் பத்துப் பன்னிரண்டு மண்வீடுகள், பச்சைக் கதவு வைத்த ஒரு மசூதி முகப்பு. பின்னால் சுற்றிப் போய்ப் பார்த்தால் மசூதிக்கு முதுகு கிடையாது, சவுக்குக் கட்டைகள்தான் முட்டுக் கொடுத்துக்கொண்டிருந்தன. ஹைவேயில் போகிற பஸ்கள் கரையோரம் வேகத்தைக் குறைத்து, பார்த்துவிட்டுப் போயின.

அந்த எல்லைக்கு ஆள் பிரித்துக் கொடுத்தவன் நான்.

உதவி இயக்குநர் ஒருவர் என்னைத் தேடி வந்ததற்குக் காரணம், நான் சினிமாவைப் பற்றி எழுதிக்கொண்டிருந்ததுதான். எல்லைப் படங்களைப் பற்றி ஒரு சிறு பத்திரிகையில் நீளமாக ஒரு கட்டுரை எழுதியிருந்தேன். நம் படங்களில் எல்லை என்றால் ஒன்று பனி, இல்லாவிட்டால் மணல், அங்கே மனிதர்கள் குடியிருப்பதே இல்லை, சாவதற்கு மட்டும்தான் வருகிறார்கள் என்று. அவர் அதைப் படிக்கவில்லை. யாரோ சொல்லி, காஞ்சிபுரத்துப் பையன், விவரமானவன் என்று மட்டும் தெரிந்துகொண்டு வந்தார். நூற்று நாற்பது பேர் வேண்டும் என்றார். வேலை சரியாக முடிந்தால் அடுத்த படத்தில் இயக்குநரிடம் சேர்த்துவிடுகிறேன் என்றும் சொன்னார். எங்கள் வீட்டில் பள்ளிக்கூடத்து வாசலைத் தாண்டிய முதல் ஆள் நான். கல்லூரி முடித்து நான்கு வருஷமாக டியூஷன் எடுத்துக்கொண்டிருந்தேன். அவர் சொன்ன வார்த்தையை நான் வீட்டில்கூடச் சொல்லவில்லை, சொன்னால் கலைந்துவிடும் என்று பயம்.

அமாவாசை அன்றைக்குப் படப்பிடிப்பை வைத்துக்கொள்ளச் சொன்னது நான்தான். எங்கள் தெரு நெசவாளிகள் அமாவாசையன்று தறியில் உட்கார மாட்டார்கள். ஒரு தெருவையே வேனில் ஏற்றலாம். அவருக்கு அந்த யோசனை ரொம்பப் பிடித்துப்போய்விட்டது.

ஒரு நோட்டில் நடுவே கோடு போட்டு, இடது பக்கம் 'இந்தப் பக்கம்', வலது பக்கம் 'அந்தப் பக்கம்' என்று எழுதிக் கொடுத்தார். "அந்தப் பக்கம் நிக்குறவங்க பாத்தாலே தெரியணும் ப்ரோ," என்றார். எது தெரியணும் என்று நான் கேட்கவில்லை. வலது பக்கத்தில் நான் எழுதிய முதல் பெயர் பாயுடையது.

பாய் எங்கள் தெருக் கோடியில் கொட்டகை போட்டு, பட்டுப் புடவைக்கு டிசைன் அட்டை அடிப்பவர். வரைபடத் தாளில் இருக்கிற மாங்காயையும் மயிலையும் பார்த்துப் பார்த்து அட்டையில் ஓட்டை குத்தி, நூற்றுக்கணக்கான அட்டைகளைக் கயிற்றில் கோத்துக் கொடுப்பார். தறிக்கு மேலே இருக்கிற ஜக்கார்டு பெட்டியில் அதை மாட்டினால்தான் புடவையில் மாங்காய் விழும். மாட்டுவதற்கும் அவரே வருவார். அதனால் எங்கள் தெருவில் அவர் ஏறி இறங்காத வீடு கிடையாது. சாமி அறையைத் தாண்டித்தான் தறிக்குப் போக வேண்டும் என்கிற வீடுகளிலும் அவர் பாட்டுக்குப் போவார், வருவார்.

அவருக்கு சினிமா என்றால் உயிர். எனக்கும் அவருக்கும் முப்பத்தைந்து வயது வித்தியாசம் இருந்தும் ஒன்றாகப் படம் பார்ப்போம். எல்லைப் படங்களும் பார்த்திருக்கிறோம். அந்த மாதிரிப் படங்களில் ஒரு கட்டம் வரும். அந்தப் பக்கத்து ஆள் ஒருவன் ஏதாவது பேசுவான், நாயகன் பதில் சொல்வான், தியேட்டர் எழுந்து நின்று கத்தும். அப்போது நான் பக்கத்துச் சீட்டைத் திரும்பிப் பார்க்க மாட்டேன். பார்க்காமலேயே அவர் அங்கே இல்லை என்பது தெரியும். இடைவேளையில் கூட்டம் சேர்ந்துவிடும் என்று முன்கூட்டியே டீக்குப் போயிருப்பார். வேறு படங்களுக்கு அப்படிப் போக மாட்டார் என்பதை நான் கவனித்திருந்தேன். கேட்டதில்லை. கட்டுரையிலும் எழுதவில்லை.

இன்னொன்றையும் சொல்ல வேண்டும். தெருவில் எந்தக் காகிதம் வந்தாலும் என்னிடம்தான் வரும். ரேஷன் கார்டு, கூட்டுறவுச் சங்கத்து விண்ணப்பம், பேங்க் படிவம் எல்லாமே. படித்துப் பார்த்து, கையெழுத்துப் போடுகிற இடத்தில் பென்சிலால் ஒரு குறி வைத்துக் கொடுப்பேன். அந்தக் குறி இருந்தால் யாரும் மேலே என்ன எழுதியிருக்கிறது என்று கேட்க மாட்டார்கள். சினிமாக்காரர்கள் மூன்று பக்கத்தில் ஆங்கிலத்தில் ஒரு ஒப்புதல் படிவம் கொடுத்தார்கள், நூற்று நாற்பது பிரதி. ஒரு சாயங்காலத்தில் அத்தனைக்கும் குறி வைத்தேன். பாய் கொட்டகையில் நின்றபடியே கையெழுத்துப் போட்டார். "இன்னா வேஷம்பா எனக்கு?" என்று கேட்டார். கூட்டத்துல நிக்கணும் பாய், கிராமத்து ஆளு என்றேன். பொய்யில்லை. எந்த கிராமம் என்பதை மட்டும் விட்டுவிட்டேன்.

நிஜ எல்லை எப்படி இருக்கும் என்று எனக்குக் கொஞ்சம் தெரியும். என் தம்பி எல்லைப் பாதுகாப்புப் படையில் இருக்கிறான், வங்காளப் பக்கம். பிளஸ் டூ முடித்ததும் போனவன். அவன் போனதிலிருந்து அம்மா டி.வி.யில் எந்தப் படத்தில் துப்பாக்கிச் சத்தம் கேட்டாலும் அடுப்பைக் குறைத்துவிட்டு வந்து நிற்பாள். அவளுக்கு அது படமில்லை, தம்பியின் ஊரிலிருந்து வருகிற செய்தி. தம்பி வீடியோவில் காட்டுகிற ஊரோ வேறு. கம்பி வேலிமேல் யாரோ பூசணிக் கொடியை ஏற்றிவிட்டிருக்கிறார்கள். வேலிக்கு அந்தண்டை நம்முடைய நிலமே கொஞ்சம் இருக்கிறது. காலையில் கேட் திறந்ததும் விவசாயிகள் அடையாள அட்டையைக் கொடுத்துவிட்டு மண்வெட்டியோடு போவார்கள், சாயங்காலம் அட்டையை வாங்கிக்கொண்டு திரும்புவார்கள். கூடவே போகிற வாத்துகளுக்கு அட்டை கிடையாது. தம்பியின் பெரிய கஷ்டம் கொசு.

இதையெல்லாம் செட்டைச் சுற்றிக் காட்டிக்கொண்டிருந்த உதவி இயக்குநரிடம் சொன்னேன். மரியாதையாகக் கேட்டுக்கொண்டார். பிறகு, "ப்ரோ, நெல்லு வயலக் காட்டி இதான் பார்டர்னா, ஆடியன்ஸ் இது தாமல்னு சொல்லிடுவான்," என்றார். நான் சிரித்தேன். சரியாகத்தானே சொல்கிறார் என்றும் தோன்றியது.

அமாவாசை காலையில் நான்கு வேன்கள் கிளம்பின. எங்கள் தெரு ஆட்கள் தலைக்குக் குளித்து, நெற்றி நிறைய விபூதியோடு ஏறினார்கள். திருவிழாவுக்குப் போகிற சத்தம். செட்டில் இறங்கியதும் உடை கொடுக்கிற ஆள் என் நோட்டை வாங்கிப் பார்த்தார். அந்தப் பக்கத்துக்கு ஆள் குறைகிறது என்று எங்கள் நெசவாளிகளில் இருபது பேரை அங்கே தள்ளினார். விபூதியை ஈரத்துணியால் துடைத்துவிட்டுக் குல்லாய் மாட்டினார்கள். என் பெரியப்பா முறை ஆகிற ஒருவர் குல்லாயோடு பாயிடம் போய் நின்று, "பாய், கரெக்டா இருக்குதா?" என்று கேட்டார். பாய் அதைச் சற்று பின்னால் தள்ளி வைத்து, "இப்ப நிக்காவே பண்ணலாம் உனக்கு," என்றார். எல்லோரும் சிரித்தார்கள். அதற்குள் கேமராவுக்குக் கற்பூரம் காட்டினார்கள். குல்லாய் போட்ட இருபது பேரும் ஓடிப்போய்த் தொட்டுக் கும்பிட்டு மறுபடியும் விபூதி பூசிக்கொண்டு வந்தார்கள். மேக்கப்காரர் தலையில் அடித்துக்கொண்டார்.

தான் கோட்டுக்கு எந்தப் பக்கம் என்று பாய் அப்போதுதான் பார்த்தார். வேலியைப் பார்த்தார், கொடிக்கம்பத்தைப் பார்த்தார், தான் நிற்கிற வீட்டு வாசலைப் பார்த்தார். பிறகு என்னைத் தேடினார். நான் தண்ணீர் கேன் இறக்குகிற இடத்துக்குப் போய்விட்டேன்.

காட்சி இதுதான். இந்தப் பக்கம் ஒரு சிப்பாயின் உடலைக் கொடி போர்த்தி, நான்கு வீரர்கள் வேலியோரமாகத் தூக்கிக்கொண்டு போக வேண்டும். அந்தப் பக்கத்துக் கிராமம் வேலிக்கு வந்து நின்று ஊளையிட்டுச் சிரிக்க வேண்டும். மைக்கில் சொன்னார்கள். எல்லோரும் தலையை ஆட்டினார்கள். ஒத்திகையில் வெறும் ஸ்ட்ரெச்சரைத் தூக்கிப் போனபோது நன்றாகவே சத்தம் போட்டார்கள்.

டேக் என்றதும் நிஜமாகவே ஒரு ஆளைப் படுக்க வைத்து, கொடியைப் போர்த்தித் தூக்கி வந்தார்கள். ஒருவரும் சிரிக்கவில்லை. எங்கள் தெருவில் பாடை போனால் தறிச் சத்தம் நின்றுவிடும். வாசலில் நிற்கிறவன் செருப்பைக் கழற்றுவான், கும்பிடுவான், யார் எவர் என்று பார்க்க மாட்டான். அதைத்தான் செய்தார்கள். வேலிக்கு அந்தப் பக்கம் இருபது பேர் செருப்பைக் கழற்றிவிட்டுக் குல்லாயோடு கும்பிட்டு நின்றார்கள். பாயும் நோட்டில் அவருக்குக் கீழே நான் எழுதியிருந்தவர்களும் கை கட்டித் தலை குனிந்து நின்றார்கள். கட் என்று கத்தினார்கள். கொடிக்கு அடியிலிருந்து செத்தவர் எழுந்து தண்ணீர் கேட்டார்.

இரண்டாவது டேக்கிலும் அப்படியே. மூன்றாவதில் நாலைந்து பேர் சிரித்தார்கள், ஆனால் கை கும்பிட்டபடியே இருந்தது. வெயில் உச்சிக்கு வந்துவிட்டது. காலடி மண் சுட்டது. இயக்குநர் குடைக்கு அடியில் மானிட்டரைப் பார்த்தபடி இருந்தார், எங்களிடம் ஒரு வார்த்தை பேசவில்லை. அவர் பேசாமல் இருக்க இருக்க மற்றவர்கள் அதிகமாகக் கத்தினார்கள். மதியச் சாப்பாடு வந்து இறங்கி அப்படியே மூடிக் கிடந்தது. ஷாட் முடியாமல் யாருக்கும் சோறு இல்லை என்று ஒருவர் மைக்கில் சொன்னார். கூட்டத்தில் முணுமுணுப்பு கிளம்பியது. எல்லோரும் என்னைப் பார்த்தார்கள். அழைத்து வந்தவன் நான்தானே.

உதவி இயக்குநர் வியர்வையைத் துடைத்துக்கொண்டு வந்தார். கூட்டம் சிரிக்காவிட்டால் போகிறது, சத்தத்தைப் பிறகு சேர்த்துக்கொள்வோம், ஒரே ஒரு முகம் பக்கத்தில் கிடைத்தால் போதும் என்று இயக்குநர் சொல்லிவிட்டாராம். "அந்த வெள்ளத் தாடி அங்கிள் ப்ரோ. பாடி போறப்ப பாத்து சிரிக்கணும், கீழ துப்பணும். முடிஞ்சுது மேட்டர்."

வேறு யாராவது இருக்கட்டுமே என்றேன். அவர் எங்கள் தெருக்காரர், எங்கள் ஆட்கள் வீட்டுக்குள் போய் வேலை செய்கிறவர் என்று சொல்லிப் பார்த்தேன். உதவி இயக்குநர் கெட்டவர் இல்லை. குடை வரைக்கும் போய்ப் பேசிவிட்டுத் திரும்பி வந்தார். என்னையும் கூட்டிக்கொண்டு பாயிடமே போனார். இந்தச் சிரிப்பு வேண்டாம் என்றால் இன்னொரு வேஷம் இருக்கிறதாம். அதே கிராமத்தில் நாயகனுக்குத் தண்ணீர் கொடுத்துக் காப்பாற்றுகிற நல்லவர். அவரை அவர் ஆட்களே சுட்டுவிடுவார்கள். ஆனால் அதற்கு இருபது நாள் ராஜஸ்தான் வர வேண்டும்.

பாய் முழுவதும் கேட்டுக்கொண்டார். "சிரிச்சா கெட்டவன். நல்லவன்னா சாவணும். சும்மா டீ குடிச்சிக்கினு குந்தியிருக்கிற வேஷம் எதுவும் இல்லியா தம்பி, அந்தப் பக்கம்?"

உதவி இயக்குநர் சிரித்துவிட்டார். நானும் சிரித்தேன். பாய் சிரிக்கவில்லை. அவர் என்னைத்தான் பார்த்துக்கொண்டிருந்தார்.

"நீ சொல்லுபா," என்றார். "பேப்பர நீதான படிச்ச. செய்யலாம்னா செய்றேன்."

நான் அந்தக் காகிதத்தைப் படிக்கவில்லை. நூற்று நாற்பது தடவை அதைப் புரட்டியிருக்கிறேன், ஒரு தடவை படிக்கவில்லை. முதுகுக்குப் பின்னால் மூடிக் கிடக்கிற சாப்பாடு, கத்துகிற மைக், பக்கத்தில் நிற்கிற உதவி இயக்குநர். அவர் கொடுத்த வாக்கும் ஞாபகத்தில் இருந்தது, இல்லை என்று சொல்ல மாட்டேன்.

"ஒரு ஷாட்தான் பாய். செஞ்சிடுங்க," என்றேன்.

அவர் சரி என்று சொல்லிப் போய் நின்றார். ஒரே டேக். இத்தனை வருஷம் படம் பார்த்த மனிதர், அந்தப் பக்கத்து ஆள் எப்படிச் சிரிப்பான் என்று அவருக்கு நன்றாகத் தெரிந்திருந்தது. உதட்டை ஒரு ஓரமாக இழுத்து, தாடியைத் தடவி, மெதுவாக ஆரம்பித்து, பல் தெரியச் சிரித்து, துப்பினார். குடைக்கு அடியிலிருந்து முதல் முறையாகக் கைதட்டல் வந்தது. யூனிட் முழுக்கத் தட்டியது. எங்கள் தெரு ஆட்களும் தட்டினார்கள், ஆனால் உடனே தட்டவில்லை.

திரும்பும்போது வேனில் ஒரே பேச்சு. பாய் பெரிய நடிகர், இனி அட்டை அடிக்க மாட்டார் என்று கேலி செய்தார்கள். பாய் ஜன்னல் பக்கம் உட்கார்ந்து, கண்ணை மூடிக்கொண்டு வந்தார்.

டீசர் வந்தது ஆவணியில். ஒரு நிமிஷம் ஓடுகிற அதில் பாயின் முகம் இரண்டே விநாடி. ஆனால் அது வெறும் சிரிப்பாக இல்லை. அவர் வாயசைவின்மேல் வேறு யாருடைய கனத்த குரலையோ ஏற்றியிருந்தார்கள். இன்னும் எத்தனை பேரை அனுப்புவீங்க, அனுப்புங்க, எண்ணிக்கிட்டே இருக்கோம் என்று அந்தக் குரல் சொன்னது. நான் அன்றைக்குத்தான் அந்த மூன்று பக்கத்தையும் உட்கார்ந்து படித்தேன். இரண்டாம் பக்கத்தில் தெளிவாக இருந்தது. உருவத்தையும் குரலையும் மாற்றலாம், எந்த வசனத்தையும் சேர்க்கலாம், எதற்கும் ஆட்சேபம் இல்லை. அதற்குக் கீழேதான் என் பென்சில் குறி. உதவி இயக்குநருக்குப் போன் செய்தேன். படத்திலேயே பெஸ்ட் ரியாக்‌ஷன் அதுதான் ப்ரோ, அதையா எடுக்கச் சொல்கிறாய் என்றார். நான் திரும்பத் திரும்பக் கேட்டேன். கடைசியில் அவர் போனை எடுப்பதையே நிறுத்திவிட்டார்.

தெருவில் முதலில் வேடிக்கையாகத்தான் இருந்தது. யாரோ அந்தச் சிரிப்பை வெட்டி வாட்ஸ்அப் ஸ்டிக்கராக்கி அனுப்பினார்கள். யார் எதற்குக் குட் மார்னிங் சொன்னாலும் பதிலுக்கு ஸ்டிக்கரில் பாய் சிரித்துத் துப்புவார். பிறகு இளவட்டங்கள் அவரை அந்த நாட்டுப் பெயரைச் சொல்லிக் கூப்பிட ஆரம்பித்தார்கள். அட்டை ரெடியா என்று கேட்பதற்கு முன்னால் அந்தப் பெயர். பாய் முதல் வாரம் சிரித்தார். அடுத்த வாரம் காது கேட்காதவர் மாதிரி இருந்தார். அவர் மனைவி கொட்டகைக்கு முன்னால் ஒரு சாக்குப் படுதாவைத் தொங்கவிட்டாள்.

எங்கள் வீட்டில் அப்போது தறி நின்றிருந்தது. புதுப் பாவு நூல் ஏற்றி, புது டிசைனுக்கு அட்டை சொல்லியிருந்தோம். அட்டை தயார் என்று பாய் சொல்லி அனுப்பியிருந்தார். அவர் வந்து மாட்ட வேண்டியதுதான் பாக்கி. அம்மா ஒத்துக்கொள்ளவில்லை. வேறு ஆளைக் கூப்பிட்டு மாட்டுங்கள் என்றாள். அட்டை அடித்தவன்தான் மாட்டணும், இத்தனை வருஷம் அப்படித்தானே என்று அப்பா சொன்னதும் அவள் அடுப்பங்கரைக்குப் போய்விட்டாள். நான் தனியாகப் போய்க் கேட்டேன். நடிப்பு அம்மா அது, குரல்கூட அவருடையது இல்லை என்றேன்.

"தெரியும்டா. நடிப்புன்னு எனக்குத் தெரியாதா," என்றாள். "ஆனா அந்தச் சிரிப்பு காதுல கேட்டுக்கினே இருக்குது. அந்தக் கொடிக்கு அடியில என் புள்ளதான் படுத்துக்கினு இருக்கான். நான் இன்னா பண்ணட்டும்?"

என் கட்டுரையில் எட்டுப் பக்கம் எழுதியும் நான் சொல்லாததை அவள் அடுப்பங்கரையில் நின்றபடி சொல்லிவிட்டாள். நான் அவளிடம் சொல்ல வேண்டியது வேறு ஒன்று இருந்தது. அதைச் சொல்லாமல் எட்டு நாள் இழுத்தேன். எட்டு நாளும் தறி நின்றது. அப்பா காலையில் எழுந்து தறிமேட்டில் போய் உட்கார்ந்து, வெறும் பாவைத் தடவிப் பார்த்துவிட்டு எழுந்து வருவார்.

ஒன்பதாவது நாள் காலை பத்து மணி இருக்கும். பாய் அவராகவே வந்துவிட்டார். தோளில் அட்டைக் கட்டு. எப்போதும் நேரே உள்ளே வருகிறவர் வாசற்படிக்குக் கீழேயே நின்று, "தறி சும்மா கெடக்குதுன்னாங்க," என்றார். முற்றத்தில் அரிசி களைந்துகொண்டிருந்த அம்மா அவரைப் பார்த்தாள். பாத்திரத்தை அப்படியே வைத்துவிட்டு எழுந்து உள்ளே போனாள். அப்பா என்னைப் பார்த்தார். பாய் தோளிலிருந்த கட்டை இறக்காமல் நின்றார். கனமான கட்டு அது. இன்னும் ஒரு நிமிஷம் போனால் திரும்பிவிடுவார், திரும்பினால் இனி எங்கள் வீட்டுக்கு வர மாட்டார் என்பது எனக்குத் தெரிந்தது.

"அம்மா," என்று கூப்பிட்டேன். குரல் எனக்கே புதிதாக இருந்தது. "செய்யலாமான்னு அவரு என்னத்தான் கேட்டாரு. நான்தான் சிரிக்கச் சொன்னேன். பேப்பர்ல இன்னா போட்டிருக்குதுன்னு படிக்காமயே கையெழுத்து வாங்கினதும் நான்தான்."

அம்மா வாசலுக்கு வந்தாள். என்னைத் தாண்டிப் பாயிடம் நேராகக் கேட்டாள்.

"இவன் சொன்னா சிரிச்சிடுவியா பாய்?"

"சொன்னான், சிரிச்சேன்மா," என்றார் அவர். வேறு ஒன்றும் சேர்க்கவில்லை. எனக்காக ஒரு வார்த்தை பேசுவார் என்று நான் எதிர்பார்த்திருந்தேன் என்பது அது வராதபோதுதான் தெரிந்தது.

அம்மா கொஞ்ச நேரம் அவர் முகத்தையே பார்த்தாள். அந்த இரண்டு விநாடிச் சிரிப்பு எங்கே இருக்கிறது என்று தேடுகிற மாதிரி இருந்தது. "தோள் நோவப்போவுது. ஏறி மாட்டு," என்றாள். அவர் செருப்பைக் கழற்றிவிட்டு உள்ளே போனார். அவர் கடந்துபோகும்போது அம்மாவின் உடம்பு சற்றே விலகியது. அதை மூன்று பேருமே பார்த்தோம்.

பாய் தறிச் சட்டத்தில் கால் வைத்து மேலே ஏறிப் பெட்டிக்குப் பக்கத்தில் உட்கார்ந்தார். அட்டைகள் ஒன்றோடொன்று மோதும் சத்தம் கேட்க ஆரம்பித்தது. அம்மா என்னிடம் திரும்பி, "அவனுக்குப் போன் போடு," என்றாள்.

தம்பி எடுத்தான். பின்னால் கொசுவலையும் காயப்போட்ட சட்டையும் தெரிந்தன. அந்த டீசரைப் பார்த்தாயா என்று அம்மா கேட்டாள். அவன் கண்ணை வேறு பக்கம் திருப்பினான். பார்த்தேன், இங்கே எல்லோரும் பார்த்தார்கள் என்றான். பெரிய டி.வி.யில் போட்டார்களாம். பாய் முகம் வந்ததும் கேம்ப்பே கத்தியதாம். பக்கத்தில் இருந்தவன் செருப்பைக் கழற்றி டி.வி.மேல் வீசினானாம்.

"நீ இன்னா பண்ண?"

"சும்மா இருந்தம்மா."

"நம்ம தெரு ஆளுன்னு சொல்லலியா?"

"சொல்லல," என்றான்.

மேலே அட்டைச் சத்தம் நின்றிருந்தது. எப்போது நின்றது என்று தெரியவில்லை. அம்மா போனையும் பார்த்தாள், என்னையும் பார்த்தாள். "ரெண்டும் நான் பெத்ததுதான்," என்று யாரிடமும் இல்லாமல் சொன்னாள். பிறகு கையை உயர்த்திப் போனை மேலே காட்டினாள்.

"பாய்," என்றான் தம்பி.

பாய் குனிந்து பார்த்தார். திரையில் அவன் எவ்வளவு சிறியவனாகத் தெரிந்திருப்பானோ.

"சாப்டியாபா?" என்றார்.

"சாப்டேன் பாய்."

"சரி. இங்க வேல கெடக்குது." அவர் திரும்பிக்கொண்டார். அட்டைச் சத்தம் மறுபடியும் ஆரம்பித்தது. கொஞ்ச நேரம் கழித்து, என்னைப் பார்க்காமலேயே கையைக் கீழே நீட்டினார். கட்டிலிருந்து அவிழ்ந்து தரையில் கிடந்த கயிறு வேண்டும் என்று புரிந்தது. எடுத்துக் கொடுத்தேன். வாங்கிக்கொண்டார்.